கேஸ் போடாத நல்லவர்

பணி ஓய்வு விழாக்களில் தவறாமல் காதில் விழும் பாராட்டு ஒன்று உண்டு. சால்வை போர்த்தி, மாலை போட்டு, மைக்கைப் பிடிக்கும் மேலதிகாரி சொல்வார்: "முப்பத்தாறு வருஷ சர்வீஸ். ஒரு மெமோ வாங்கினதில்லை. ஒரு கேஸ் போட்டதில்லை." எல்லோரும் கைதட்டுவோம். நானும் தட்டியிருக்கிறேன். என் விழாவிலும் அதையே சொன்னார்கள். அன்று எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது.

மெமோ வாங்காததைப் பாராட்டலாம். ஒழுங்காக வேலை பார்த்திருக்கிறார் என்று பொருள். கேஸ் போடாததை எதற்காகப் பாராட்டுகிறோம்? ஒருவர் தன்னைப் பற்றி எழுதப்பட்ட பொய்யை எதிர்த்துக் கேட்காமல் வீடு போய்ச் சேர்ந்தார் என்பது எப்படி நற்சான்று ஆகிறது? ஆண்டு அறிக்கையில் தனக்கு எதிராக எழுதப்பட்ட குறிப்பை நீக்கக் கோரித் தீர்ப்பாயத்துக்குப் போகிறவரை "பிரச்சினை பண்றவர்" என்கிறோம். "வேலை செய்யத் தெரியாதவன்தான் கோர்ட்டுக்குப் போவான்" என்று கேன்டீனில் தீர்ப்பும் சொல்லிவிடுகிறோம். இந்த எண்ணம் அதிகாரிகளிடம் மட்டும் இல்லை. எழுத்தர்கள், கணக்கர்கள், சங்கப் பொறுப்பாளர்கள் வரை ஊறிக் கிடக்கிறது. இது தவறு மட்டுமன்று, நிர்வாகத்தையே கெடுக்கும் எண்ணம் என்பது என் கட்சி.

மத்திய அரசு அலுவலகம் ஒன்றில் வெகுகாலம் வேலை பார்த்தவன் நான். ஊழியர்களின் ரகசிய அறிக்கைகளை நாங்கள் "சி.ஆர்." என்போம். பழுப்பு உறைக்குள் போட்டு, வாயை ஒட்டி, அரக்கு வைத்து, மேலே சிவப்பு மையில் "ரகசியம்" என்று எழுதி அனுப்பிய காலத்தில் அந்த உறைகளைப் பதிவேட்டில் ஏற்றியது என் கை. அவை எப்படி எழுதப்பட்டன என்பதையும் கண்ணால் பார்த்திருக்கிறேன். மாற்றல் உத்தரவு வந்து, பெட்டி கட்டும் அவசரத்தில், ஓர் அதிகாரி இருபது பேரின் அறிக்கையை ஒரே பிற்பகலில் எழுதி முடிப்பார். நடுவில் என்னைக் கூப்பிட்டு, "போன வருஷம் இவருக்கு என்ன போட்டேன்? அதையே போட்டுடலாமா?" என்று கேட்பார். ஒருவரின் ஓராண்டு உழைப்பு அந்தக் கேள்வியில் அடங்கிவிடும். மேலதிகாரியின் மதிப்பீடு புனிதமானது, அதைக் கேள்வி கேட்பது ஒழுங்கீனம் என்று சொல்கிறவர்கள் அந்தப் பிற்பகலைப் பார்த்ததில்லை.

முதல் வாதத்துக்கு வருவோம். "அது அதிகாரியின் கருத்து. கருத்துச் சொல்வது அவர் உரிமை. அதற்கெல்லாமா கோர்ட்டுக்குப் போவது?"

கருத்து என்றால் சொன்னதோடு முடிய வேண்டும். ஆண்டு அறிக்கையில் எழுதப்படுவது அதோடு முடிவதில்லை. மத்திய அரசில் இன்றைய முறைப்படி மதிப்பெண் ஒன்று முதல் பத்து வரை. 8 முதல் 10 வரை "அவுட்ஸ்டாண்டிங்", 6 முதல் 8-க்குள் "வெரி குட்", 4 முதல் 6-க்குள் "குட்". பதவி உயர்வே கிடைக்காதவர்களுக்கும் 10, 20, 30 ஆண்டுகளில் ஊதிய நிலை உயர்வு தரும் எம்.ஏ.சி.பி. திட்டம் இருக்கிறது. முன்பு அதற்கு "குட்" போதும். ஏழாவது ஊதியக் குழுவின் பரிந்துரையை ஏற்று 2016-ல் அந்த வரம்பை "வெரி குட்" என்று உயர்த்திவிட்டார்கள். தகுதி இல்லை என்று ஒரு முறை தள்ளிப் போனால் அடுத்த உயர்வும் அதே அளவு தள்ளிப் போகும் என்பது அந்தத் திட்டத்தின் விதி. 5.9 என்று எழுதும் பேனாவுக்கும் 6.1 என்று எழுதும் பேனாவுக்கும் இடையே ஒருவரின் சம்பளம் இருக்கிறது, அதையொட்டி ஓய்வூதியம் இருக்கிறது, அவர் போனபின் மனைவிக்கு வரும் குடும்ப ஓய்வூதியமும் இருக்கிறது. இத்தனை காசைத் தீர்மானிக்கும் எழுத்து கருத்தாக இருக்க முடியாது. அது உத்தரவு. உத்தரவு போட்டவர் காரணம் சொல்லக் கடமைப்பட்டவர்.

உச்ச நீதிமன்றம் இதை நேற்றோ இன்றோ சொல்லவில்லை. பாதகமான குறிப்பை ஊழியரிடம் தெரிவிக்காமல், அதை வைத்துப் பதவி உயர்வை மறுக்கக் கூடாது என்று 1979-லேயே குர்தியால் சிங் ஃபிஜ்ஜி வழக்கில் சொல்லிவிட்டது. திருந்தவோ விளக்கம் சொல்லவோ ஊழியருக்கு வாய்ப்பு வேண்டும் என்பது காரணம். நிர்வாகம் இதைச் சாமர்த்தியமாகத் தாண்டியது. பாதகமான குறிப்பைத்தானே தெரிவிக்க வேண்டும்? "குட்" என்று போட்டால் அது பாதகம் ஆகாதே! வாழ்த்துவது போல எழுதி வழியை அடைக்கும் உத்தி இது.

எல்லைச் சாலைப் பொறியியல் பணியில் இருந்த நிர்வாகப் பொறியாளர் ஒருவருக்கு இதுதான் நடந்தது. மேற்பார்வைப் பொறியாளராக உயர ஐந்து ஆண்டுகளுக்கு "வெரி குட்" வேண்டும். அவருக்கு 1993-94-ல் "குட்". அதை யாரும் அவரிடம் சொல்லவில்லை. இளையவர்கள் மேலே போனார்கள். குவாஹாட்டி உயர் நீதிமன்றத்தில் தோற்றார். விடாமல் உச்ச நீதிமன்றம் போனார். 2008 மே 12 அன்று தேவ் தத் வழக்கு என்று இன்று எல்லோரும் சொல்லும் தீர்ப்பு வந்தது. எந்தத் தரமாக இருந்தாலும் ஒவ்வொரு பதிவையும் ஊழியருக்குத் தெரிவித்தாக வேண்டும். பதவி உயர்வைத் தடுக்குமானால் "குட்" என்பதும் பாதகக் குறிப்பே. ஊழியரின் முறையீட்டை எழுதியவருக்கும் மேலே உள்ளவர் முடிவு செய்ய வேண்டும் என்றது நீதிமன்றம். எழுதியவரிடமே முறையிட்டால் என்ன பதில் வரும் என்பது நமக்குத் தெரியாததா? 2013 ஏப்ரலில் சுக்தேவ் சிங் வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வும் இதை உறுதி செய்தது.

"கேஸ் போட்டு என்ன கண்டார்? தீர்ப்பு வரும்போது ரிட்டயர் ஆகிவிட்டாரே" என்பார்கள். ஆம், தீர்ப்பு வந்தபோது அவர் ஓய்வு பெற்றிருந்தார். தரம் உயர்த்தப்பட்டால் பின்தேதியிட்ட பதவி உயர்வும் 8 சதவீத வட்டியோடு நிலுவையும் தர நீதிமன்றம் உத்தரவிட்டது. அது அவருடைய கணக்கு. நம்முடைய கணக்கு வேறு. அந்தத் தீர்ப்புக்கு ஓர் ஆண்டு கழித்து, 2009 மே 14 அன்று, மத்தியப் பணியாளர் துறை ஒரு குறிப்பாணை வெளியிட்டது. "ரகசிய அறிக்கை" என்ற பெயரே போயிற்று. "செயல்திறன் மதிப்பீட்டு அறிக்கை" வந்தது. 2008-09 முதல் முழு அறிக்கையையும் ஊழியர் கையில் கொடுக்க வேண்டும், 15 நாளுக்குள் அவர் முறையிடலாம் என்றது அது. நான் அரக்கு வைத்து ஒட்டிய உறைகளை ஒரு பொறியாளரின் வழக்கு பிரித்துப் போட்டது. இன்று மத்திய அரசில் எவர் தன் மதிப்பெண்ணைத் தானே பார்க்கிறாரோ, அவர் அந்தப் "பிரச்சினை பண்றவர்" போட்ட வழக்கின் பலனை அனுபவிக்கிறார். கேஸ் போடாத நல்லவர்களும் அதில் அடக்கம்.

இரண்டாவது வாதம் இன்னும் பரவலானது: "ஒழுங்காக வேலை செய்தால் நல்ல பெயர் தானாக வரும்."

எங்கள் பிரிவில் ஓர் அம்மா இருந்தார். ஒப்பந்ததாரர் பில் ஒன்று அவர் மேசைக்கு வந்தது. அளவுப் புத்தகப் பதிவு இணைக்கப்படவில்லை. அவசரம், பாஸ் பண்ணுங்கள் என்று மேலே இருந்து வாய்மொழியாக வந்தது. அவர் கோப்பில் இரண்டே வரி எழுதினார்: "அளவுப் புத்தகப் பதிவு இணைப்பில் இல்லை. ஆணை வேண்டப்படுகிறது." கணக்குப் பிரிவில் இருக்கும் எவரும் எழுத வேண்டிய இரண்டு வரி. அடுத்த ஆண்டு அறிக்கையில் அவருக்கு 5.2. எதிரே: "ஒத்துழைக்கும் மனப்பான்மை இல்லை."

அறிக்கையை எடுத்துக்கொண்டு என் மேசைக்குத்தான் வந்தார். நான் சொன்னதை மறைக்க விரும்பவில்லை. "விடுங்கம்மா. அடுத்த வருஷம் வேற ஆபீசர் வந்துடுவார். எதுக்கு வம்பு?" என்றேன். அவர் என்னைக் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, "வம்பு நான் பண்ணலையே சார், எழுதினவர்தானே பண்ணியிருக்கார்" என்றார். பதினோராம் நாள் முறையீடு கொடுத்தார். ஒன்றரைப் பக்கம். அதிகாரியைப் பற்றி ஒரு கடுஞ்சொல் இல்லை. கோப்புக் குறிப்பின் நகல் இணைப்பு. ஆண்டு முழுவதும் தாம் முடித்த பில்களின் பட்டியல் இணைப்பு. எந்தத் தேதியில் எந்த வேலையில் ஒத்துழைக்கவில்லை என்று தெரிவிக்கும்படி ஒரு வேண்டுகோள்.

பதில் ஒரே வரியில் வந்தது: "பரிசீலிக்கப்பட்டது; ஏற்பதற்கில்லை." அவர் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குப் போனார். மனுவுக்குக் கட்டணம் 50 ரூபாய். தீர்ப்பாயம் அவருக்கு மதிப்பெண் எதுவும் போட்டுத் தரவில்லை. அந்த ஒற்றை வரியை ரத்து செய்து, காரணங்களோடு புதிய உத்தரவு போடச் சொல்லித் திருப்பி அனுப்பியது, அவ்வளவுதான். காரணம் எழுத உட்கார்ந்தபோது எழுதுவதற்கு ஒன்றும் இல்லை. ஒரு மெமோ இல்லை, ஒரு எச்சரிக்கைக் கடிதம் இல்லை. குறிப்பு நீக்கப்பட்டது. மூன்று வருடம் ஆயிற்று. ஒழுங்காக வேலை செய்ததால் வந்த பெயர் 5.2, வழக்குப் போட்டதால்தான் அது அழிந்தது. "விடுங்கம்மா" என்ற என் ஆறுதல் பேச்சை அவர் கேட்டிருந்தால் அந்த வரி இன்றும் அங்கே இருந்திருக்கும்.

இதில் இன்னொரு நஷ்டம் உண்டு, அது அரசுக்கு. அந்த இரண்டு வரி எழுதியவருக்கு 5.2 என்றால், பக்கத்து மேசைக்காரர் அடுத்த பில்லில் என்ன எழுதுவார்? ஒன்றும் எழுத மாட்டார். எதிர்க்கப்படாத பொய்க் குறிப்பு பிரிவு முழுவதற்கும் பாடம் நடத்துகிறது.

மூன்றாவது வாதத்தில் கொஞ்சம் உண்மை இருக்கிறது. அதை ஒப்புக்கொண்டே பேசுகிறேன். "எல்லோரும் கேஸ் போட்டால் எந்த அதிகாரி உண்மையை எழுதுவார்? வம்பே வேண்டாம் என்று எல்லோருக்கும் எட்டு, ஒன்பது போட்டுவிடுவார்." இது நடக்கிறது. அறிக்கை கைக்கு வரத் தொடங்கிய பிறகு மதிப்பெண் தாராளமாகிவிட்டதைப் பார்த்திருக்கிறேன். சோம்பேறிக்கும் உழைப்பாளிக்கும் ஒரே மதிப்பெண் என்றால் உழைப்பாளிக்குத்தான் வயிறு எரியும்.

ஆனால் காரணத்தை எங்கே தேடுவது? வேலை செய்யாத ஒருவருக்கு 3 போட அதிகாரிக்கு எந்தத் தடையும் இல்லை. ஆண்டின் நடுவில் இரண்டு முறை எழுத்தில் சுட்டிக்காட்டியிருக்க வேண்டும். எந்தக் கோப்பு எத்தனை நாள் கிடந்தது என்று குறித்து வைத்திருக்க வேண்டும். அப்படி ஆதாரம் உள்ள குறிப்பை நீதிமன்றங்கள் சாதாரணமாகத் தொடுவதில்லை. அவை அதிகாரியின் நாற்காலியில் உட்கார்ந்து மதிப்பெண் போடுவதில்லை. நடைமுறை சரியா, காரணம் இருக்கிறதா, காழ்ப்பு இருக்கிறதா என்றுதான் பார்க்கின்றன. சொல்லப் போனால் பல தீர்ப்புகள் நிர்வாகத்தின் பக்கமே சாய்ந்திருக்கின்றன. 1991-ல் நம்பூதிரி வழக்கில், முறையீட்டைத் தள்ளுபடி செய்யும் உத்தரவிலேயே காரணம் எழுத வேண்டும் என்ற கட்டாயம் இல்லை, கேட்கும்போது கோப்பில் காரணம் இருந்தால் போதும் என்றது உச்ச நீதிமன்றம். இத்தனை சலுகைக்குப் பிறகும் ஓர் அதிகாரியின் குறிப்பு நீதிமன்றத்தில் நிற்கவில்லை என்றால், கோப்பில் காரணமே இல்லை என்றுதான் பொருள். ஆதாரம் சேர்க்கச் சோம்பல்பட்டு எல்லோருக்கும் ஒன்பது போடுகிறவரின் குறையை, வழக்குப் போட்டவர் தலையில் கட்டுவது நியாயமா?

நான்காவது, சங்கத்துக்காரர்களும் சொல்லும் அறிவுரை: "சின்னக் குறிப்புதானே, விட்டுவிடு. பதவி உயர்வு நெருங்கும்போது பார்த்துக்கொள்ளலாம்." ஆபத்தில் பெரிய ஆபத்து இந்த அறிவுரைதான். முறையீட்டுக்கு 15 நாள். முறையீட்டின் மேல் உத்தரவு வந்த தேதியிலிருந்து தீர்ப்பாயம் போக ஓர் ஆண்டு. ஆறு மாதம் ஆகியும் பதிலே வரவில்லை என்றால் அந்த ஆறு மாதம் முடிந்ததிலிருந்து ஓர் ஆண்டு. ஐந்து வருடம் கழித்துக் கண் விழித்துப் போனால் காலதாமதம் என்ற ஒரே காரணத்துக்காக மனு வாசலிலேயே நின்றுவிடும்.

விட்டுவிட்ட குறிப்பு செத்துப் போவதும் இல்லை. அடிப்படை விதி 56(ஜே) என்று ஒன்று இருக்கிறது. 50 அல்லது 55 வயதில், பொதுநலன் கருதி, மூன்று மாத அறிவிப்போடு ஊழியரை வீட்டுக்கு அனுப்பலாம். அப்போது பணிப்பதிவு முழுவதையும் புரட்டுவார்கள். அது தண்டனை ஆகாது என்பதால், தெரிவிக்கப்படாத பாதகக் குறிப்பைக்கூடக் கணக்கில் எடுக்கலாம் என்று 1992-ல் வைகுந்தநாத் தாஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. தகுதி பார்த்துக் கொடுத்த பதவி உயர்வுக்குப் பின் பழைய குறிப்பின் முனை மழுங்கிவிடும் என்றும் அதே தீர்ப்பு சொல்கிறது. ஆனால் பதவி உயர்வையே அந்தக் குறிப்பு தடுத்துவிட்டால்? 38 வயதில் "சின்னது" என்று விட்ட வரி, 50 வயதில் மேசை மேல் வந்து உட்காரும். எழுதியவர் அப்போது ஓய்வு பெற்றுப் பேரப் பிள்ளையைப் பள்ளிக்கூடத்தில் விட்டுக்கொண்டிருப்பார்.

அறிக்கையில் நேர்மை பற்றிய பத்தி இன்னும் நுட்பமானது. ஊழியரின் நேர்மையில் சந்தேகம் இருந்தால் அந்தக் கட்டத்தைக் காலியாக விட்டு, தனிக் குறிப்பு எழுதி, விசாரித்து ஒரு முடிவுக்கு வர வேண்டும் என்பது விதி. விசாரணை வரை போகாமல் "இவரைப் பற்றிப் புகார்கள் காதில் விழுகின்றன" என்று எழுதிவிட்டுப் போகிறவர்கள் இருக்கிறார்கள். யார் சொன்ன புகார், எந்தக் கோப்பில், எந்தத் தேதியில்? ஒன்றும் கிடையாது. குற்றச்சாட்டுக் குறிப்பாணை கொடுத்து விசாரணை நடத்தினால் நிரூபிக்க வேண்டிவரும். ஒரு வரி எழுதிவிட்டால் நிரூபிக்காமலே தண்டித்துவிடலாம். இந்தக் குறுக்கு வழியைத்தான், வழக்குப் போட வேண்டாம் என்கிறவர்கள் தங்களை அறியாமல் காவல் காக்கிறார்கள்.

எதிர்க்கிற எல்லோரும் உத்தமர்கள் என்று நான் சொல்ல வரவில்லை. பத்து மணி அலுவலகத்துக்குப் பதினொன்றரைக்கு வருகிறவர் "சராசரி" என்று எழுதினால் பொங்குவதும், முறையீட்டில் அதிகாரியின் சாதியையும் சொந்த வாழ்க்கையையும் இழுப்பதும் நடக்கின்றன. அப்படிப்பட்ட மனுக்கள் தள்ளுபடியாவதே நல்லது. ஆனால் கெட்ட மனுக்கள் வருகின்றன என்பதற்காக மனுப் போடுவதே கெட்டது என்றால், போலி பில் வருகிறது என்பதற்காகக் கருவூலத்தையே மூடிவிடலாம்.

ஒழுக்கம் கெட்டுவிடும் என்பது கடைசிப் புலம்பல். ஒழுக்கம் கீழே இருப்பவருக்கு மட்டும் எழுதி வைத்ததா? சுயமதிப்பீட்டை ஊழியர் ஏப்ரல் 15-க்குள் கொடுக்க வேண்டும். எழுதும் அதிகாரி ஜூன் 30-க்குள் முடிக்க வேண்டும். மேலாய்வு ஜூலை 31-க்குள். குறைந்தது மூன்று மாதமாவது ஒருவரின் வேலையை நேரில் பார்த்தவர்தான் அவரைப் பற்றி எழுதலாம். இவை அதிகாரிக்கு அரசு விதித்த ஒழுக்கம். அந்த ஒழுக்கம் மீறப்படும்போது சுட்டிக்காட்டுகிறவர் விதியைக் காக்கிறார். அவரை ஒழுங்கீனமானவர் என்று அழைப்பதற்கு நமக்கு என்ன யோக்கியதை?

ஓய்வு விழாவில் எனக்குக் கிடைத்த அந்தப் பாராட்டை நான் திருப்பிக் கொடுத்துவிடுகிறேன். நான் கேஸ் போடாதது நல்ல குணத்தால் அன்று, பயத்தால். அந்த அம்மாவிடம் "விடுங்கம்மா" என்று சொன்னதும் அதே பயம்தான். அதற்கு அனுபவம் என்று பெயர் வைத்திருந்தேன்.

இதைப் படிக்கும் பணியாளர்களுக்கு ஒரு வார்த்தை. அறிக்கை கைக்கு வந்ததும், கையெழுத்துப் போட்டு இழுப்பறையில் தள்ளாதீர்கள். மதிப்பெண்ணைப் பாருங்கள், எதிரே உள்ள வரியைப் படியுங்கள், அது உண்மை என்றால் திருந்துங்கள். பொய் என்றால், கிடைத்த தேதியை அதன் மேல் எழுதி வையுங்கள். அன்றிலிருந்து உங்களுக்கு 15 நாள் இருக்கிறது.